நீ ஈ.சி.ஈ. தானே, என்னன்னு பாரேன்!

போன பிப்ரவரி. செகண்ட் ரிவ்யூவுக்கு இன்னும் ஒன்பது நாள். ராத்திரி பதினொன்றரைக்கு என் ரூம்மேட்டோட லேப்டாப் செத்துப்போச்சு. பவர் பட்டனை அழுத்தினா ஒண்ணுமே இல்ல. லைட் இல்ல, ஃபேன் சத்தம் இல்ல, சார்ஜர் சொருகினாலும் சார்ஜிங் லைட் எரியல. அவன் மெக்கானிக்கல். என்னைத் திரும்பிப் பார்த்து கேட்டான்: "மச்சி, நீ ஈ.சி.ஈ. தானே, என்னன்னு பாரேன்."

இதே கேள்வியை உங்ககிட்டயும் யாராவது கேட்டிருப்பாங்க. மாமா வீட்டு டிவியா இருக்கலாம், பக்கத்து வீட்டு ரவுட்டரா இருக்கலாம். "அதெல்லாம் சிலபஸ்ல இல்ல ஆன்ட்டி"ன்னு சிரிச்சு சமாளிச்சிருப்பீங்க. நான் சமாளிக்கல. அதுதான் பிரச்சினையே.

யூடியூப் பார்த்து பின்பக்கத்தைத் திறந்தேன். மல்டிமீட்டரை பஸ்ஸர் மோட்ல வச்சு, ப்ராசஸர் பக்கத்துல இருக்கற காயில்ல ஒரு முனை, கிரவுண்ட்ல ஒரு முனை. பீப்னு கத்துச்சு. "சிபியு ஷார்ட் மச்சி. போர்டு போச்சு"ன்னு சொல்லிட்டேன். டாக்டர் மாதிரி தலையை வேற ஆட்டினேன்.

மறுநாள் சர்வீஸ் சென்டர் போனோம். உள்ளே எடுத்துட்டுப் போய் இருபது நிமிஷத்துல வெளியே வந்தாங்க. அதே தீர்ப்பு. போர்டு மாத்தணும், 31,000 ரூபாய், வாரண்டி முடிஞ்சாச்சு. லேப்டாப்பே 52,000-க்கு வாங்கினது. அவங்க அப்பா சீட்டு எடுத்து வாங்கிக் கொடுத்தது. அன்னிக்கு ராத்திரி அவன் வராண்டாவுல நின்னு போன் பேசிட்டு இருந்தான். அம்மா வளையலை வைக்கறேன்னு சொல்றாங்க, இவன் வேணாம், இ.எம்.ஐ. போட்டுக்கறேன்னு சொல்றான். "ரூம்மேட்டும் பார்த்துட்டான்மா, அவன் எலக்ட்ரானிக்ஸ்தான், போர்டு போச்சுன்னுதான் சொல்றான்." கட்டில்ல படுத்திருந்த எனக்கு அது தெளிவா கேட்டது.

கடைசியில அந்த லேப்டாப் 1,800 ரூபாய்க்கு சரியாச்சு. போர்டு போகவே இல்ல. போர்டுல ஒரு அரிசி அளவுகூட இல்லாத கெப்பாசிட்டர் ஒண்ணு போயிருந்தது. அவ்வளவுதான்.

நான் சொல்ல வர்றது இதுதான்: "போர்டு போச்சு" அப்படிங்கறது நோயோட பேர் இல்ல. யாரும் அளந்து பார்க்கலன்னு அர்த்தம். காய்ச்சல்னு போனவனைத் தொட்டுப் பார்க்காமலே "உடம்பு போச்சு, வேற உடம்பு மாத்திடலாம்"னு சொன்னா ஒத்துக்குவோமா? லேப்டாப்னா மட்டும் ஒத்துக்கறோம். இன்ஜினியரிங் படிக்கற நாமளே ஒத்துக்கறோம்.

ஒரு லேப்டாப் எப்படி ஆன் ஆகுதுன்னு கொஞ்சம் பாருங்க. சார்ஜர்ல இருந்து சுமார் 19 வோல்ட் வருது. ஜாக்கைத் தாண்டினதும் இரண்டு மாஸ்ஃபெட், கதவு மாதிரி. அதுக்குப் பக்கத்துல ஒரு சார்ஜர் ஐசி, அதுதான் வாட்ச்மேன். சார்ஜர் சரியா இருக்கான்னு பார்த்துட்டுத்தான் கதவைத் திறக்கும். கதவுக்கு அந்தப் பக்கம் மெயின் ரெயில். அதுல இருந்துதான் போர்டுல எல்லா வோல்டேஜும் பிறக்குது. நீங்க பட்டனைத் தொடறதுக்கு முன்னாடியே 3.3 வோல்ட் ஒண்ணு தயாரா இருக்கணும். பட்டனைக் கவனிக்கற எம்பெடட் கன்ட்ரோலர்னு ஒரு சின்ன சிப்புக்கு அதுதான் சாப்பாடு. பட்டனை அழுத்தினதும் அது சிப்செட்டை எழுப்பும். அப்புறம் ராம்க்கு வோல்டேஜ், டிடிஆர்4-ன்னா 1.2. கடைசியா ப்ராசஸருக்கு, ஏறத்தாழ 1 வோல்ட். கல்யாணப் பந்தி மாதிரி வரிசை. முன்னாடி இருக்கறவங்க "எங்களுக்கு வந்தாச்சு"ன்னு சிக்னல் கொடுத்தாத்தான் அடுத்தவங்களுக்குப் பரிமாறும்.

அப்போ ஆன் ஆகலன்னா கேட்க வேண்டிய கேள்வி ஒண்ணே ஒண்ணு: வரிசை எங்க நின்னுச்சு? அதுக்கு மேதாவித்தனம் தேவையில்ல. முதல்ல இருந்து ஒவ்வொரு இடமா மீட்டர் வச்சுக்கிட்டே போனா போதும்.

நான் என்ன பண்ணினேன்? வரிசையோட கடைசி ஆளை முதல்ல போய்ப் பிடிச்சேன். அதுவும் தப்பா. ப்ராசஸர் ரெயில்ல ரெசிஸ்டன்ஸ் எப்பவுமே ரொம்பக் கம்மியாத்தான் இருக்கும். நல்லா ஓடிட்டு இருக்கற போர்டுலயும் சில ஓம், சமயத்துல ஒரு ஓமுக்கும் கீழ. பஸ்ஸர் மோட் அதைப் பார்த்து கத்தத்தான் செய்யும். நான் ஒரு ஆரோக்கியமான ப்ராசஸரைப் பார்த்து செத்துப்போச்சுன்னு சான்றிதழ் கொடுத்திருக்கேன். என் சிஜிபிஏ 8.4.

சனிக்கிழமை கவர்ன்மெண்ட் எஸ்டேட் மெட்ரோவுல இறங்கி ரிச்சி ஸ்ட்ரீட்டுக்கு நடந்தோம். மாடிப்படிக்குக் கீழ ஒரு கடை, ரெண்டு பேர் உட்கார்ந்தா மூணாவது ஆள் நிக்கணும். அந்த அண்ணா பேட்டரியை முதல்ல கழட்டினார். ஜாக்ல 19 வோல்ட் இருக்கு. முதல் மாஸ்ஃபெட் வரைக்கும் வருது. அதுக்கு மேல இல்ல. மீட்டரை ஓம்ஸ்க்கு மாத்தி மெயின் ரெயிலைத் தொட்டார். 0.4 ஓம். இங்க இவ்வளவு கம்மியா இருக்கவே கூடாது. "வாட்ச்மேன் சரியாத்தான் வேலை செய்யறான் தம்பி. உள்ளே ஷார்ட் இருக்கு, அதான் கதவைத் திறக்கல"ன்னார். வாட்ச்மேன் உவமை அவரோடதுதான், நான் சுட்டுட்டேன்.

அப்புறம் பவர் சப்ளையில 1 வோல்ட் வச்சு, கரண்ட் லிமிட்டை 3 ஆம்பியர்ல நிறுத்தி, நேரா மெயின் ரெயிலுக்குக் கொடுத்தார். ஏன் 1 வோல்ட், 19 கொடுத்தா சீக்கிரம் சூடாகுமேன்னு கேட்டேன். "ப்ராசஸருக்குப் போற மாஸ்ஃபெட் ஷார்ட்டா இருந்து நீ 19-ஐ விட்டா, அது நேரா ப்ராசஸருக்குப் போயிடும். அப்போ நீ சொன்னது உண்மையாயிடும்"ன்னார். என் ரூம்மேட் எல்லாத்தையும் அவர்கிட்ட ஏற்கனவே சொல்லிட்டான் போல.

போர்டு மேல கொஞ்சம் ஐபிஏ ஊத்தினார். எல்லா இடமும் ஈரமா இருக்கு. ஒரே ஒரு கெப்பாசிட்டர் மேல மட்டும் சில நொடியில காய்ஞ்சுது. கரண்ட் பூரா அது வழியாத்தான் போகுது, அதனால அதுதான் சூடாகுது. ஹாட் ஏர்ல அதை எடுத்தார். ரெயில் ரெசிஸ்டன்ஸ் ஏறிடுச்சு. ஒரு பழைய போர்டுல இருந்து அதே வேல்யூ, அதே 25 வோல்ட் ரேட்டிங்ல ஒண்ணு எடுத்து வச்சார். சார்ஜர் சொருகினார். லைட் எரிஞ்சுது. பட்டன். ஃபேன் சுத்துச்சு. மொத்தம் முக்கால் மணி நேரம்.

"படிக்காதவர் படிச்சவனுக்குப் பாடம் எடுத்தார்"ங்கற பழைய கதையை நான் சொல்லல. அவர் பதினாலு வருஷமா இதைப் படிச்சவர்தான். கோர்ஸ் மட்டும் வேற. என்னை உறுத்தினது அவர் மேஜை. அங்க இருந்தது எல்லாமே நம்ம லேப்ல இருக்கு. அதே மாதிரி மல்டிமீட்டர். அதே 0–30 வோல்ட் ஆர்.பி.எஸ். அதுல கரண்ட்னு எழுதின ஒரு குமிழ் இருக்கே, நாலு வருஷத்துல நீங்க எத்தனை தடவை அதைத் திருப்பியிருக்கீங்க? நான் ஒரு தடவைகூட இல்ல. பக் கன்வெர்ட்டர் டெரிவேஷன் எனக்கு மனப்பாடம். ஒரு போர்டுல ஆறேழு பக் கன்வெர்ட்டர் வரிசையா உட்கார்ந்திருந்தப்போ எனக்கு ஒண்ணுகூட அடையாளம் தெரியல.

காரணம் நமக்குத் தெரியும். நம்ம லேப்ல எந்த சர்க்யூட்டும் கெட்டுப்போக அனுமதி இல்ல. விடை முன்னாடியே தெரியும். ரீடிங் வரலன்னா ஒயரை மாத்து, ப்ரெட்போர்டை மாத்து, அப்பவும் வரலன்னா பக்கத்து பேட்ச் ரீடிங்கைப் போட்டு கிராஃப் வரை. ஏன் வரலன்னு யாரும் கேட்கறதில்ல, கேட்க நேரமும் இல்ல. மூணு மணி நேரத்துல ரெக்கார்ட் முடியணும். சர்வீஸ் சென்டரும் இதையேதான் செய்யுது: வரலயா, மாத்து. அவங்களைத் திட்டறதுக்கு முன்னாடி, அவங்களும் நம்ம மாதிரி லேப்ல இருந்து வந்தவங்கன்னு ஞாபகம் வச்சுக்கணும்.

அவங்க பக்கத்தையும் சொல்லிடறேன். போர்டு மாத்தினா கம்பெனி கேரண்டி உண்டு, ஒரு கெப்பாசிட்டரை மாத்தினதுக்கு அப்படி யாரும் கையெழுத்துப் போட மாட்டாங்க. எல்லா போர்டையும் காப்பாத்தவும் முடியாது. தண்ணி புகுந்து சிப்புக்கு அடியில அரிச்சிருந்தா, உண்மையிலேயே ப்ராசஸர் போயிருந்தா, மாத்தறதுதான் நியாயம். ஹீட் கன்னால போர்டைச் சுட்டு ரெண்டு வாரம் ஓட வச்சு காசு வாங்கற கடைகளும் ஊர்ல இருக்கு. அதனால "எப்பவும் ரிப்பேர்தான்"னு நான் சொல்லல. அளந்துட்டு முடிவு பண்ணுங்கன்னு சொல்றேன்.

இதுல நம்ம கையில இல்லாத விஷயமும் இருக்கு. அந்த அண்ணா பார்த்த சர்க்யூட் வரைபடம் கம்பெனி கொடுத்தது இல்ல, எங்கேயோ கசிஞ்சு வந்தது. தெருவே அதை வச்சுத்தான் பிழைக்குது. நம்ம மத்திய நுகர்வோர் துறை 2022-ல ரிப்பேர் உரிமைக்குன்னு ஒரு கமிட்டி போட்டு, டிசம்பர்ல ஒரு போர்ட்டலும் திறந்துச்சு. ஃப்ரான்ஸ்ல 2021-ல இருந்து லேப்டாப்புக்கு எவ்வளவு சுலபமா ரிப்பேர் பண்ணலாம்னு பத்துக்கு மார்க் போட்டு விலைக்குப் பக்கத்துல காட்டணும். இங்க அந்த மாதிரி மார்க் வர்ற வரைக்கும், வாங்கறப்பவே "சர்க்யூட் தருவீங்களா, பார்ட்ஸ் கிடைக்குமா"ன்னு கேட்கறது நம்ம வேலை. 2022-ல மட்டும் உலகத்துல உருவான மின்குப்பை 6.2 கோடி டன்னுன்னு ஐ.நா. அறிக்கை சொல்லுது. அதுல முறையா சேகரிச்சு மறுசுழற்சி ஆனது கால்வாசிகூட இல்ல. ஒரு அரிசி அளவு கெப்பாசிட்டருக்காக முழு போர்டையும் தூக்கிப்போட்டா அந்தக் கணக்கு ஏறத்தான் செய்யும்.

சரி, நாளைக்கு உங்க லேப்டாப் செத்தா என்ன பண்றது? அதே வோல்டேஜ் இருக்கற வேற சார்ஜரைப் போட்டுப் பாருங்க. சார்ஜரைக் கழட்டிட்டு பவர் பட்டனை முப்பது செகண்ட் அழுத்திப் பிடிங்க. ராமைக் கழட்டி ஒவ்வொண்ணா மாத்திப் போடுங்க. பேட்டரி உப்பியிருந்தா நோண்டாதீங்க, அப்படியே கடைக்குக் கொண்டுபோங்க. இதுக்கு மேலயும் உயிர் வரலன்னா, யார்கிட்ட கொடுத்தாலும் மூணு ரீடிங் கேளுங்க: ஜாக்ல எத்தனை வோல்ட், மெயின் ரெயில்ல எத்தனை ஓம், 3.3 வருதா இல்லையா. மூணுக்கும் பதில் சொல்றவர் போர்டு போச்சுன்னு சொன்னா நம்பலாம். பதில் இல்லன்னா எடுத்துட்டு வந்துடுங்க.

நம்ம டிபார்ட்மெண்டுக்கும் ஒரு கோரிக்கை. ஸ்டோர் ரூம்ல கண்டம் பண்ணின கம்ப்யூட்டர்கள் தூசி தின்னுட்டு இருக்கு. 2011-ல தொடங்கின விலையில்லா லேப்டாப் திட்டத்துல வந்ததுல எத்தனையோ நம்ம வீட்டு பீரோ மேல செத்துக்கிடக்கு. ஒரு செமஸ்டர்ல ரெண்டே ரெண்டு லேப் கிளாஸ், விடை தெரியாத போர்டை மேஜை மேல வைங்க. சரி பண்ணினா மார்க் வேணாம். எங்க நின்னுச்சுன்னு கண்டுபிடிச்சு எழுதினா மார்க் கொடுங்க.

அது வர்ற வரைக்கும், ஹாஸ்டல் பி பிளாக் ரீடிங் ரூம்ல சனிக்கிழமை சாயந்திரம் நாங்க நாலு பேர் உட்கார்றோம். செத்த போர்டு இருந்தா எடுத்துட்டு வாங்க. சரி பண்ணித் தருவோம்னு சத்தியம் பண்ண மாட்டேன். அளக்காம "போச்சு"ன்னு மட்டும் சொல்ல மாட்டேன். அந்த ராத்திரி வராண்டாவுல கேட்ட போன் பேச்சு எனக்கு ஒரு தடவை போதும்.