யாழினி, 'யாரினி' ஆன கதை

"பெரியப்பா, என் முதல் மாச சம்பளம் திரும்பிப் போயிடுச்சு!"

ஒசாகாவிலிருந்து வாட்ஸ்அப்பில் தம்பி மகள் இப்படிச் சொன்னதும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. கம்பெனி ஏதும் ஏமாற்றிவிட்டதா? இல்லை. பணம் அனுப்பிய இடத்தில் ஒரு பெயர், வங்கிக் கணக்கில் இன்னொரு பெயர். இரண்டும் அவள் பெயர்தான்!

அவளுடைய நிஜப் பெயரைப் போடக் கூடாது என்பது கண்டிஷன். அதனால் யாழினி என்றும், என் தம்பியைச் செல்வராஜ் என்றும் வைத்துக்கொள்வோம். பாஸ்போர்ட்டில் 'ழ'வுக்கு ஆங்கிலத்தில் இசட், எச் என்று இரண்டு எழுத்துகள் போடுவோம் அல்லவா? வங்கியில் இருந்தவர் அதை அப்படியே எழுத்துக்கூட்டிப் படித்து 'யாசுஹினி' என்று பதிந்துவிட்டார். கம்பெனியிலோ இவள் உச்சரித்ததைக் காதால் கேட்டு 'யாரினி' என்று எழுதிக்கொண்டார்கள். ஜப்பானில் ஒரு கணக்கிலிருந்து இன்னொரு கணக்குக்குப் பணம் போகும்போது பெயர் 'கதகானா' எழுத்தில்தான் போகும். எழுத்து ஒத்துப்போகாவிட்டால் பணம் வந்த வழியே திரும்பிவிடும்.

அங்கே மூன்று வகை எழுத்துகள். சீனாவிலிருந்து வந்த 'கான்ஜி', ஒவ்வொன்றும் பொருள் உள்ள எழுத்து. மற்ற இரண்டும் நம் உயிர்மெய் மாதிரி ஒலியை மட்டும் குறிப்பவை. அவற்றில் 'ஹிரகானா' உள்ளூர்ச் சொற்களுக்கு, 'கதகானா' பெரும்பாலும் வெளியூர்ச் சரக்குக்கு. காபி, டாக்ஸி, பியர் எல்லாம் கதகானா. நாமும் அந்த வரிசைதான்.

இதில் நம் பெயர்கள் படும் பாடு இருக்கிறதே! ர, ற, ல, ள, ழ என்று ஐந்தை வைத்துக்கொண்டு நாக்கைச் சுழற்றுகிறோம். அவர்களுக்கு அந்த இடத்தில் ஒரே ஓர் ஒலி. ரவுக்கும் லவுக்கும் நடுவில் ஏதோ ஒன்று. அதனால் லலிதா 'ரரிதா' ஆகிவிடுவார். கமலா 'கமரா' ஆவார். மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்கிற ஏற்பாடும் கிடையாது. சொல்லின் கடைசியில் 'ன்' மட்டும்தான் தனியாக நிற்கும். மற்றதெல்லாம் ஓர் உயிரைத் துணைக்கு அழைத்துக்கொண்டுதான் வரும். ராம் அங்கே 'ராமு'. (இதில் அவர்களைக் கிண்டல் செய்ய நமக்குத் தகுதி இல்லை. பஸ்ஸு, காரு என்று சொல்கிற ஊர் நம்முடையது!) ஆனந்த் 'ஆனந்தோ' ஆவார். ஏன் 'து' வராமல் 'தோ' வருகிறது? அவர்களுடைய வரிசையில் து என்ற ஒலியே பிறக்கவில்லை, அந்த இடத்தில் 'ட்சு'தான் இருக்கிறது.

இந்தச் சிக்கலை நம்ம ரஜினியும் சந்தித்திருக்கிறார். 1998-ல் 'முத்து' ஜப்பானில் வெளியாகிச் சக்கைப்போடு போட்டது தெரியும்தானே? வழக்கமான எழுத்தில் எழுதினால் தலைப்பு 'முட்சு' ஆகிவிடும். அதனால் 'தோ' எழுத்தைப் போட்டு, பக்கத்தில் குட்டியாக ஓர் 'உ' சேர்த்து, 'து'வை உண்டாக்கினார்கள். வெளிநாட்டு ஒலிகளுக்காகவே அங்கே இப்படி ஒட்டு வேலைகள் உண்டு. ரஜினிகாந்த் என்ற பெயர் மட்டும் 'ரஜினிகாந்தோ' ஆவதிலிருந்து தப்பவில்லை.

யாழினிக்கு இன்னொரு தலைவலியும் இருந்தது. நமக்கு ஏது குடும்பப் பெயர்? பாஸ்போர்ட்டில் அந்தக் கட்டத்தை நிரப்ப அப்பா பெயரைப் போடுகிறோம். ஜப்பானில் அலுவலகத்தில் குடும்பப் பெயரைச் சொல்லித்தான் மரியாதையாகக் கூப்பிடுவார்கள். ஆக, முதல் நாளிலிருந்தே அவள் 'செருபராஜு சான்'. "யாரோ அப்பாவைக் கூப்பிடுறாங்கன்னு ரெண்டு வாரம் நான் திரும்பியே பார்க்கலை, பெரியப்பா" என்றாள்.

சரி, ஜப்பானியர்களுக்காவது பெயர் விஷயம் சுலபமா என்று கேட்டால், அவர்கள் பாடு நம்மைவிட மோசம். அவர்கள் பெயரைக் கான்ஜியில் எழுதுகிறார்கள். ஒரே பெயருக்குப் பல எழுத்துகள் உண்டு. டைரக்டர் அகிரா குரோசவாவின் 'அகிரா'வை வெளிச்சம் என்று பொருள்படும் எழுத்தால் எழுதுவார்கள். வேறோர் அகிரா முற்றிலும் வேறு எழுத்தில் எழுதுவார். இதற்கு நேர்மாறாக, ஒரே எழுத்தைப் பல விதமாகவும் படிக்கலாம். உயரப் பறப்பதைக் குறிக்கும் ஓர் எழுத்து ஒரு பையனுக்கு 'ஷோ', அடுத்த வீட்டுப் பையனுக்கு 'காகெரு', மூன்றாவது பையனுக்கு 'ட்சுபாசா'. பெயரைப் பார்த்தால் கூப்பிடத் தெரியாது, கூப்பிடுவதைக் கேட்டால் எழுதத் தெரியாது! அதனால்தான் எந்த விண்ணப்பத்திலும் பெயருக்கு மேலே உச்சரிப்பை எழுத ஒரு வரி விட்டிருப்பார்கள். 'ஃபுரிகானா' என்று அதற்குப் பெயர்.

இதில் வேடிக்கை என்னவென்றால், 1872-ல் நாடு முழுக்கக் குடும்பப் பதிவேடு தொடங்கியதிலிருந்து அதில் எழுத்து மட்டும்தான் இருந்தது. உச்சரிப்புக்கு இடமே இல்லை. சட்டத் திருத்தம் வந்து, 2025 மே 26 முதல்தான் உச்சரிப்பையும் கதகானாவில் பதிகிறார்கள். பெற்றோர் இஷ்டத்துக்கு எழுத்தை ஒன்றாகவும் படிப்பதை வேறாகவும் வைத்தது இப்போது செல்லாது. 'உயரம்' என்று எழுதிவிட்டு 'தாழ்வு' என்று படிக்கச் சொல்வதெல்லாம் நடக்காது.

எழுத்து விஷயத்தில் முன்பே கட்டுப்பாடு உண்டு. அரசின் பட்டியலில் இருக்கும் கான்ஜியில்தான் குழந்தைக்குப் பெயர் வைக்கலாம். 1993-ல் டோக்கியோ மாநகரப் பகுதியில் உள்ள அகிஷிமா நகரில் ஒரு அப்பா, பிறந்த மகனுக்கு 'அகுமா' என்று பெயர் கொடுத்தார். பிசாசு என்று பொருள்! அந்த எழுத்துகள் இரண்டுமே பட்டியலில் இருந்தன. நகராட்சி மறுக்க, விஷயம் கோர்ட்டுக்குப் போய் நாடே பேசியது. கடைசியில் குழந்தைக்கு வேறு பெயர்தான் அமைந்தது. பாவம் பிள்ளை, தப்பித்தான்.

இப்போது அனிமே பார்க்கும் நம் வீட்டுப் பிள்ளைகள், "என் பெயரைக் கான்ஜியில் எழுதிக் கொடு, பச்சை குத்திக்கணும்" என்று கிளம்பியிருக்கிறார்கள். கொஞ்சம் பொறுங்கள். ஒலிக்குப் பொருத்தமாகக் கான்ஜியைத் தேடிப் போட முடியும்தான். புத்தரின் தாய் மாயாவுக்கு அப்படி எழுத்து இருக்கிறது, கோபே நகரில் அவர் பெயரில் மாயா மலையே இருக்கிறது. ஆனால் கலா அவர்கள் வாயில் 'கரா' ஆவார். கராத்தேயில் வருகிற 'கரா'வுக்கு 'வெறுமை' என்று பொருள்! ஆசையாக இருந்தால் கதகானாவில் எழுதிக்கொள்ளுங்கள். பாஸ்போர்ட் ஸ்பெல்லிங்கைப் பார்த்து எழுதாமல், வாயால் சொல்லிப் பார்த்து எழுதுங்கள். வேலைக்கோ படிக்கவோ போகிறவர்கள் வங்கி, கம்பெனி, நகராட்சி எல்லா இடத்திலும் ஒரே எழுத்தில் கொடுங்கள்.

பெயர் சிதைகிறதே என்று என் தம்பிதான் ரொம்ப வருத்தப்பட்டான். "விபீஷணனை வீடணன் ஆக்கினார் கம்பர், லட்சுமணனை இலக்குவன் ஆக்கினார். அவங்க ஊர்க்காரங்க கோவிச்சுக்கிட்டாங்களா?" என்று கேட்டேன். பதில் இல்லை.

மறுவாரம் யாழினி வங்கிக்குப் போனாள். கவுன்ட்டரில் இருந்த அம்மா, "உங்கள் ஊரில் எப்படிச் சொல்வார்கள்?" என்று கேட்டாராம். இவள் சொல்ல, அவர் 'ழ'வை மூன்று தரம் முயற்சி செய்துவிட்டு, சிரித்துக்கொண்டே 'யாரினி' என்று மாற்றிக் கொடுத்தார். சம்பளம் வந்துவிட்டது.

இப்போதெல்லாம் தம்பியே போனை எடுத்ததும், "யாரினி சான் இருக்காங்களா?" என்றுதான் கேட்கிறான்.