வெட்டக் கூடாத பேச்சு

கனடாவின் வடகோடியில், நூனவுட் பகுதியில், ஒன்றுக்கொன்று வெகுதொலைவில் இருக்கும் ஊர்களின் இனுவிட் பழங்குடி மூத்தோர் கேமராவின் முன் ஒரே விஷயத்தைச் சொன்னார்கள்: சூரியன் பழைய இடத்தில் மறைவதில்லை, நட்சத்திரங்களும் இடம் மாறியிருக்கின்றன, பூமியே சாய்ந்துவிட்டது. சக்கரியாஸ் குனுக்கும் இயன் மௌரோவும் 2010இல் வெளியிட்ட ‘இனுவிட் அறிவும் பருவநிலை மாற்றமும்’ ஆவணப்படத்தில் இந்தப் பேச்சு அப்படியே இருக்கிறது. ஆவணப்படம் எடுக்கும் நம்மில் எத்தனை பேர் அதை விட்டுவைத்திருப்போம்? பூமியின் அச்சு அப்படிச் சாயவில்லை என்பது தெரிந்ததுதான். ஒரு வாக்கியத்தால் படமே நகைப்புக்கு இடமாகிவிடும் என்று பயந்து ரஃப் கட்டிலேயே கத்தரித்திருப்போம்.

ஆனால் அவர்கள் கண்டது பொய்யல்ல. குளிர்ந்த காற்றின் மேல் வெதுவெதுப்பான காற்று அடுக்காக நின்றால் அடிவானத்து ஒளி வளையும். கீழே இருக்கும் சூரியன் மேலே தெரியும். ஆர்க்டிக் சூடேறுவதால் இந்தக் காட்சிப் பிறழ்வு கூடியிருக்கிறது என்பதே மௌரோ முன்வைத்த விளக்கம். மூத்தோர் சொன்ன காரணம் தவறாக இருக்கலாம்; பார்த்ததில் அவர்கள் தவறவில்லை. அந்தப் பேச்சை வெட்டியிருந்தால் விளக்கம் தேட வேண்டிய அவசியமே வந்திருக்காது.

நம் படங்களில் ஊர்ப் பெரியவர் ஒரு நிமிடம் பேசுவார். உடனே புத்தக அலமாரி முன் உட்கார்ந்த பேராசிரியர் அதற்குச் சான்றிதழ் கொடுப்பார். சான்றிதழ் கிடைக்காத பேச்சு ஹார்ட் டிஸ்க்கிலேயே கிடக்கும். குனுக்கின் படத்தில் மூத்தோரும் வேட்டைக்காரர்களும்தான் அறிஞர்கள். இனுக்டிடுட் மொழியில், தங்கள் வேகத்தில் பேசுகிறார்கள். குனுக்கின் ஊரான இக்லூலிக், தன் மொழியில் நிகழ்ச்சிகள் இல்லை என்பதற்காக 1970களில் வாக்களித்துத் தொலைக்காட்சியையே மறுத்த ஊர்.

காற்று திசை மாறிவிட்டது என்று அங்கே ஒருவர் சொன்னால், அது வானிலைச் செய்தி அல்ல. எப்போதும் ஒரே பக்கமிருந்து வீசும் காற்று, பனியை நாக்குப் போல நீண்ட திட்டுகளாகச் செதுக்கி இறுக்கிவிடும். குளிர்கால இருட்டிலும் எதிரே ஒன்றும் தெரியாத பனிப்புயலிலும் வேட்டைக்காரர் அந்தத் திட்டுகளைக் காலால் உணர்ந்தே வீட்டுக்கு வழி பிடிப்பார். காற்று மாறினால் திட்டும் மாறும். அதை நம்பிப் போனவர் வழிதவறுவார். பத்து விநாடி பேட்டித் துண்டில் இது அடங்காது. நடந்து காட்டச் சொல்ல வேண்டும். கேமராவும் கூடவே நடக்க வேண்டும்.

பனிக்கரடி இன்னும் கடினமான இடம். கரடிகள் அருகிவருகின்றன என்று வெளியுலகம் கவலைப்பட, மூத்தோர் குறையவில்லை என்கிறார்கள். மயக்க மருந்து செலுத்திக் கழுத்துப்பட்டை மாட்டும் ஆய்வாளர்கள் மீது கோபப்படுகிறார்கள். சூழல் இயக்கங்களோடு தோள்சேர்ந்து நிற்கும் நமக்கு இது சங்கடம்தான். அந்தச் சங்கடம் படத்தில் இருக்கட்டும் என்பது இவ்விதழின் நிலைப்பாடு.

பழங்குடி ஊர்களில் படமெடுப்பவர்களிடம் ஒரு வேண்டுகோள். படம் விழாக்களுக்குப் போகும் முன் ரஃப் கட்டை ஊரில் போட்டுக் காட்டுங்கள். கூடவே, விட்டுவிட்ட பேட்டிகளின் பட்டியலையும் எடுத்துச் சென்று, எதை ஏன் வெட்டினீர்கள் என்று பேசியவரிடமே, அவர் மொழியிலேயே சொல்லுங்கள். அவர் மறுத்தால் மறுபடி எடிட்டிங்கில் உட்காரும் அளவுக்கு நாட்களை ஒதுக்கிவைத்துக்கொள்ளுங்கள்.