அரசு அட்டையும் அமானிதமே!

அலுவல் பயணம் செல்லும் ஊழியர்களுக்கு அமெரிக்க அரசு ஓர் அட்டை வழங்குகிறது. ஓட்டல் வாடகை, சாப்பாடு, வண்டிக் கட்டணம் போன்ற பயணச் செலவுகளுக்கு அந்த அட்டையையே பயன்படுத்த வேண்டும் என்று 1998ல் சட்டம் இயற்றப்பட்டது. பெரும்பாலும் பில் ஊழியர் பெயருக்கே வரும். அரசிடம் கணக்குக் காட்டிப் பணம் பெற்று, அவர் வங்கிக்குக் கட்டிவிட வேண்டும். சொந்தச் செலவுக்கு அட்டையைத் தொடக் கூடாது.

நடந்தது என்ன? அந்நாட்டுப் பாதுகாப்புத் துறையின் இன்ஸ்பெக்டர் ஜெனரல் அலுவலகம் 2015ல் தணிக்கை அறிக்கை வெளியிட்டது. 2013 ஜூலை முதல் 2014 ஜூன் வரை, ஒரே ஆண்டில், சூதாட்ட விடுதிகளில் சொந்தச் செலவாகக் கருதப்பட்டவை மட்டும் 4,437 முறை, 9,52,258 டாலர்! ஆபாசக் கேளிக்கை விடுதிகளில் மேலும் 900 முறை, 96,576 டாலர்! முறைகேடு செய்தால் வேலைநீக்கம் வரை போகலாம் என்று 2012லேயே சட்டம் வந்த பிறகும் இந்த நிலை.

'பில்லை நான்தானே கட்டுகிறேன், அரசுக்கு என்ன நட்டம்?' என்று சிலர் கேட்கலாம். அட்டை அவரது முகத்துக்காகக் கிடைத்ததல்ல, பதவிக்காகக் கிடைத்தது. ஜகாத் வசூலிக்க அனுப்பப்பட்ட இப்னுல் லுத்பிய்யா என்பவர், ஒரு பகுதியைத் தமக்கு வந்த அன்பளிப்பு என்று ஒதுக்கினார். பெற்றோர் வீட்டில் உட்கார்ந்திருந்தால் அது அவரைத் தேடி வந்திருக்குமா என்று நபி(ஸல்) அவர்கள் கண்டித்தார்கள். அதே கேள்வி இந்த அட்டைக்கும் பொருந்தும்.

அமெரிக்காவைப் பார்த்துச் சிரிப்பதற்காக இதை எழுதவில்லை. நம் நாட்டு அலுவலகங்களில் பயணப்படி இருக்கிறது. பஸ்ஸில் போய்விட்டு டாக்ஸிக்குக் கணக்கு எழுதுவதும், உறவினர் வீட்டில் தங்கிவிட்டு லாட்ஜ் பில் வைப்பதும் இதே மோசடிதான்.

வணிகர்களே! கேட்ட தொகைக்கெல்லாம் பில் எழுதிக் கொடுப்பவரும் அந்தப் பொய்யில் பங்காளியே. வாடிக்கையாளர் போய்விடுவார் என்ற அச்சம் ஹராமை ஹலாலாக்கிவிடாது.

இளைஞர்களே! அரசு வேலையில் தமிழக முஸ்லிம்களுக்கு 2007ல் 3.5 விழுக்காடு தனி ஒதுக்கீடு கிடைத்தது. சமுதாயம் நெடுங்காலம் குரல் கொடுத்துப் பெற்ற உரிமை அது. அந்த நாற்காலியில் அமர்ந்து பொய்க் கணக்கு எழுதினால், அடுத்து வர வேண்டியவனின் வழியை நாமே அடைக்கிறோம்.

தணிக்கை அதிகாரியின் கண்ணுக்குத் தப்பிய பில், அல்லாஹ்வின் பதிவேட்டில் தப்பாது. அரசுப் பணமும் அமானிதமே. அதைப் பேணுவோம்!