மிகைமுகத்தின் இலக்கணம்: தோல்பாவைக்கூத்தின் நகைப்பாத்திரங்களை முன்வைத்து ஒரு கருத்துரை

முன்னுரை

தோல்பாவைக்கூத்தை ஆராயும் கட்டுரைகள் பெரும்பாலும் கதையில் தொடங்கிக் கதையிலேயே முடிகின்றன. இராமகாதை எத்தனை இரவுகள் நிகழ்த்தப்பெறுகிறது, கம்பனின் காப்பியத்திலிருந்து அஃது எங்கெங்கு விலகுகிறது, நல்லதங்காள் கதை எவ்வாறு இக்கலைக்குள் வந்தது என்னும் வினாக்களே முதலிடம் பெறுகின்றன. உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் திரையில் தோன்றும் பகுதிகளோ 'நகைச்சுவைக் காட்சிகள்' என்னும் தலைப்பின்கீழ் ஓரிரு பக்கங்களில் அடங்கிவிடுகின்றன. மு. இராமசாமி, அ. கா. பெருமாள் முதலியோரின் களப்பணி இக்கலையை ஆய்வுலகின் கவனத்திற்குக் கொண்டுவந்தது. அவர்கள் இட்ட அடித்தளத்தின்மேல் அடுத்து எழுப்பப்பட வேண்டியது இந்நகைப்பாவைகளின் முகம் பற்றிய ஆய்வாகும் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

மூக்கு, உதடு, பல், தலை ஆகியவற்றுள் ஒன்றோ பலவோ இயல்பின் அளவை மீறி அமைந்த முகத்தை இங்கு 'மிகைமுகம்' எனக் குறிக்கலாம். மிகைமுகம் சிரிப்பூட்டும் அணி மட்டுமன்று. யார் பேசலாம், எம்மொழியில் பேசலாம், யாரைப் பார்த்து நகலாம் என்பவற்றை அதுவே வரையறுக்கிறது. அவ்வரையறையைப் படிக்காமல் உரையாடலை மட்டும் எழுத்தில் பெயர்த்தெடுப்பது, உரையை விட்டுவிட்டு நூற்பாவை மட்டும் பதிப்பிப்பதைப் போன்றதாகும்.

ஆள்முகமும் வகைமுகமும்

பாவைக்கும் கருத்துப்படத்திற்கும் உள்ள உறவு வெறும் ஒப்புமை அன்று. வரலாற்றுத் தொடர்பும் உடையது. 1841இல் இலண்டனில் தொடங்கப்பெற்ற 'பஞ்ச்' இதழ், வளைந்த மூக்கும் முதுகுக் கூனும் உடைய பஞ்ச் என்னும் பாவையின் பெயரையே தன் பெயராகக் கொண்டது. 'கார்ட்டூன்' என்னும் சொல் இன்றைய பொருளைப் பெற்றதும் 1843இல் அவ்விதழின் வழியேதான். தமிழில் 1906 முதல் வெளிவந்த 'இந்தியா' வார இதழில் பாரதியார் அரசியல் கருத்துப்படங்களை வெளியிட்டார். அவை பின்னர் ஆ. இரா. வேங்கடாசலபதியால் தொகுக்கப்பெற்று 1994இல் நூலாயின. ஆகவே நாட்டார் கலையைப் பயில்வோரும் இதழியலைப் பயில்வோரும் ஒருவர் தரவை மற்றவர் நோக்குதல் இன்றியமையாதது.

அங்ஙனம் நோக்கும்போது ஒரு கலைச்சொல் குறைபாடு தெரியவருகிறது. கேலிச்சித்திரம், கருத்துப்படம் என்னும் சொற்களை நாம் வேறுபாடின்றி வழங்குகிறோம். மிகைமுகமோ இருவகைப்படும். அறியப்பட்ட ஒருவரின் முகத்தில் உள்ள ஓர் உறுப்பைப் பெருக்கி, 'இவர்தாம் அவர்' எனக் காண்போர் உணர வரைவது ஒருவகை. இதனை 'ஆள்முகம்' எனலாம். எவரையும் சுட்டாமல் ஓர் இயல்பையோ ஒரு கூட்டத்தையோ சுட்ட அமைவது மற்றொரு வகை. இதனை 'வகைமுகம்' எனலாம். நாளிதழில் வரும் அரசியல் தலைவரின் படம் ஆள்முகம், உச்சிக்குடும்பன் வகைமுகம்.

வகைமுகம் யாரையும் சுட்டாது என்பதால் தீங்கற்றது எனக் கருதிவிட முடியாது. 1987இல் ஆனந்த விகடன் அட்டையில் வெளிவந்த ஒரு நகைத்துணுக்கிற்காக அதன் ஆசிரியர் எஸ். பாலசுப்ரமணியனுக்குத் தமிழ்நாடு சட்டமன்றம் 3 மாதச் சிறைத்தண்டனை விதித்தது. அத்துணுக்கில் எவர் பெயரும் இல்லை. சட்டமன்ற உறுப்பினர், அமைச்சர் என்னும் வகைகளே இருந்தன. ஒருவரைச் சுட்டியிருந்தால் அவர் ஒருவரே சினந்திருப்பார். வகையைச் சுட்டியதால் அவை முழுதும் தன்னைச் சுட்டியதாகக் கொண்டது. வகைமுகத்தின் ஆற்றலும் ஆபத்தும் இதுவே. அது மேல்நோக்கித் திரும்பினால் அதிகாரம் முழுவதையும் தொடும். கீழ்நோக்கித் திரும்பினால் ஒரு சமூகம் முழுவதையும் தாக்கும்.

நகையின் நிலைக்களன்கள்

இவ்விரு திசைகளையும் பிரித்தறிய நம்மிடம் பழங்கருவி ஒன்று உண்டு. தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகைக்கு எள்ளல், இளமை, பேதைமை, மடன் என நான்கு நிலைக்களன்களை வகுக்கிறது. உரையாசிரியராகிய பேராசிரியர் எள்ளலைத் தான் பிறரை எள்ளி நகுதல், பிறரால் எள்ளப்பட்டவிடத்துத் தான் நகுதல் என இரண்டாக விரிக்கிறார். நகைச்சுவை பற்றிய நம் ஆய்வேடுகள் நான்கு பெயர்களையும் எடுத்துக்காட்டி அமைகின்றன. இவ்விரண்டாம் பகுப்பைப் பயன்படுத்துவன அரிய. பாவைக்கூத்தின் நகைப்பகுதியை விளக்குவதற்கு அப்பகுப்பே பெரிதும் உதவுகிறது.

உச்சிக்குடும்பன், உளுவத்தலையன் என்னும் பெயர்கள் இரண்டும் தலையை மையமாகக் கொண்டவை. பெயர் சொல்லும்போதே முகம் நினைவுக்கு வருகிறது. இருவரும் ஒருவரையொருவர் ஏசுவர், அடித்துக்கொள்வர், தாம் ஏசப்படும்போது தாமே சிரிப்பர். இங்கு எள்ளலின் இரு கூறுகளும் மாறிமாறி நிகழ்கின்றன. சொல்லைத் தவறாகக் கேட்டு வேறொன்றாகப் புரிந்துகொள்வது பேதைமையின்பாற்படும். சொன்னதை ஆராயாமல் பற்றிக்கொண்டு அவதியுறுவது மடனின்பாற்படும். காட்சிதோறும் எந்நிலைக்களன் மேலோங்குகிறது, எள்ளல் யாரிடமிருந்து யாரை நோக்கிச் செல்கிறது என்று குறித்துக்கொண்டே சென்றால், 'நகைச்சுவைக் காட்சி' என்னும் ஒற்றைத் தலைப்புப் பல கூறுகளாகப் பிரிவதைக் காணலாம்.

முகமும் மொழியும்

மிகைமுகம் மொழியையும் மாற்றுகிறது. காப்பியப் பாத்திரங்களின் பாவைகளில் நெற்றியும் மூக்கும் உதடும் ஒரு மரபளவுக்குள் அடங்குகின்றன. அவற்றின் பேச்சும் அவ்வாறே செந்தமிழ்ச் சாயலும் இசைப்பாட்டும் கொண்டு அமைகிறது. அளவை மீறிய முகம் தோன்றியவுடன் பேச்சு வட்டார வழக்கிற்கு இறங்குகிறது. அயோத்தி மறைந்து, கூத்து நிகழும் ஊரின் சந்தையும் சாலையும் திரைக்கு வருகின்றன. முகத்தின் அளவுமீறல் மொழியின் அளவுமீறலுக்கு இசைவு தருகிறது.

இதில் தமிழாய்வாளர் தனியே கருதத்தக்க செய்தி ஒன்றுண்டு. தமிழகத்தில் இக்கலையை நிகழ்த்துவோர் பெரும்பாலும் மராத்தியைத் தாய்மொழியாகக் கொண்ட மண்டிகர் சமூகத்தினர். ஒரே கலைஞர் திரைக்குப் பின்னிருந்து எல்லாப் பாவைகளையும் இயக்கி எல்லாக் குரல்களையும் தருகிறார். வீட்டில் மராத்தி பேசும் ஒருவர், ஊருக்கு ஊர் மாறும் தமிழ்ப் பேச்சைச் செவியால் கற்று, அவ்வூராரே தம் பேச்சைக் கேட்டுச் சிரிக்குமாறு திருப்பித் தருகிறார். காப்பியப் பகுதி மனப்பாடத்தால் நிற்பது. நகைப்பகுதி அன்றைய கேள்வியால் நிற்பது. பேச்சுத்தமிழின் வட்டார வேறுபாட்டிற்கு இதனினும் சிறந்த சான்றுக்களம் அரிது. அதனை 'இடைச்செருகல்' என ஒதுக்குவது நம் தரவை நாமே இழப்பதாகும்.

அண்டை நிலங்களிலும் இதற்கு இணை உண்டு. ஆந்திரத்தின் தோலுபொம்மலாட்டத்தில் வரும் நகைப்பாத்திரங்களுள் ஒன்று ஜுட்டு போலிகாடு. 'ஜுட்டு' என்னும் தெலுங்குச் சொல் குடுமியைக் குறிப்பது உச்சிக்குடும்பனை நினைவூட்டுகிறது. கர்நாடகத்தில் நகைப்பாவையின் பெயரான கில்லேக்யாத்தா என்பது கலைஞர் சமூகத்தின் பெயராகவும் வழங்குகிறது. கூத்தைக் காண்போர் கலைஞரை அடையாளங்கண்டது இராமனைக் கொண்டன்று, நகைப்பாவையைக் கொண்டே என்பதற்கு இது சான்றாகும். சாவகத்தின் வயாங் நிழற்கூத்தில் பெருவயிறும் உருண்ட முகமும் கொண்ட செமார் ஏவலாளாக வருகிறார். ஆயினும் அவர் உண்மையில் ஒரு தேவர் என்பது அம்மக்களின் நம்பிக்கை. நாட்டிய சாத்திரம் குள்ளம், கூன், துருத்திய பல், கோணிய முகம், வழுக்கை ஆகியவற்றை விதூடகனுக்கு விதிக்கும்போது அவனை அந்தணனாகவே காட்டுகிறது. எனவே கோணிய முகம் எங்கும் தாழ்ந்தோரின் அடையாளமாக மட்டுமே இருந்தது எனக் கொள்ள இயலாது.

உடலை எள்ளும் நகை

இதனைக் கொண்டு மிகைமுகம் என்றும் தீங்கற்றது என வாதிடுவதும் பொருந்தாது. கருமை, பருமன், தடித்த உதடு, குறுகிய உருவம் ஆகியவை மீண்டும் மீண்டும் பேதைமையின் குறியாக வரையப்படும்போது, அத்தகைய உடலோடு அவையில் அமர்ந்திருப்பவர் எதனைக் காண்கிறார் என்னும் வினா எழுகிறது. ஊனமுற்றோர் ஆய்வும் தலித்தியத் திறனாய்வும் எழுப்பும் இவ்வினா மேலைநாட்டு இறக்குமதி அன்று. நம் இலக்கியத்திலேயே உள்ளது.

கலித்தொகையின் 94ஆம் பாடல் இதற்குச் சான்று. மருதக்கலியில் அமைந்த அப்பாடலில் கூனி ஒருத்தியும் குறளன் ஒருவனும் ஒருவர் உடலை ஒருவர் எள்ளி உரையாடுகின்றனர். அவ்வெள்ளல் மிகக் கூரியது, கற்போரையும் நகச்செய்வது. ஆயின் பாடல் அதனோடு நின்றுவிடவில்லை. இருவரும் எள்ளலைக் கைவிட்டு இணங்கும் இடத்தில், அரண்மனையில் தம்மைக் காண்போர் நகுவரே என்னும் அச்சம் வெளிப்படுகிறது. பிறர் கண்படாத இடத்தை அவர்கள் நாடுகின்றனர். தமக்குள் எள்ளி நகுவது வேறு, பிறரது நகைக்குப் பொருளாவது வேறு என்பதைப் புலவர் தெளிவாக உணர்ந்திருக்கிறார். அப்பாடலைக் கற்கும் நாமும் அரண்மனையில் நின்று நகுவோரின் இடத்தில் வைக்கப்படுகிறோம். பின்னர் அவ்விடத்தின் கொடுமையையும் உணர்த்தப்பெறுகிறோம்.

நகைப்பாவையை மதிப்பிடவும் இதுவே அளவுகோலாகத் தக்கது. உச்சிக்குடும்பனின் தலையைக் கண்டு அவை சிரிக்கிறது என்பதோடு நின்றுவிடாமல், அச்சிரிப்பைப் பெற்றபின் அவன் யாரை நோக்கி அதனைத் திருப்புகிறான் என்று நோக்க வேண்டும். அவன் ஊர்ப் பெரியோரையும் கதைத்தலைவனையும் கேள்வி கேட்கும் இடத்தில் மிகைமுகம் காப்பாக நிற்கிறது. இன்னொரு நலிந்த உடலை மட்டுமே அவன் எள்ளும் இடத்தில் அக்காப்பு அடக்குமுறைக்குத் துணையாகிறது. ஒரே பாவை ஒரே இரவில் இரண்டையும் செய்யக்கூடும். ஆகவே பாவையை முழுதாகப் போற்றுவதும் முழுதாக விலக்குவதும் பிழை. காட்சிதோறும் தீர்மானிப்பதே முறை.

பதிவு எவ்வாறு அமைதல் வேண்டும்?

இன்றைய நிலையில் பாவை அருங்காட்சியகத்தின் கண்ணாடிப் பேழைக்குள்ளும், உரையாடல் ஆய்வேட்டின் பின்னிணைப்புக்குள்ளும் தனித்தனியே கிடக்கின்றன. முகம் ஓரிடத்திலும் குரல் ஓரிடத்திலும் இருக்கும்போது இரண்டும் ஊமையாகின்றன. பல இரவுக் கூத்து ஒரு மணி நேர நிகழ்ச்சியாகச் சுருக்கப்படும்போது எதை விடுவது, எதை வைப்பது என்னும் முடிவும் ஆராயப்படாமலே எடுக்கப்படுகிறது. இதனைக் கருத்திற்கொண்டு மூன்று நடைமுறைகளை முன்வைக்கலாம்.

முதலாவது, நகைப்பகுதியின் ஒவ்வோர் உரையாடலையும் அதனைப் பேசிய பாவையின் படத்தோடு சேர்த்தே பதிவுசெய்ய வேண்டும். ஊர், நாள், அவையின் தன்மை, கலைஞர் தந்த குரல்வேறுபாடு ஆகியவையும் அதனோடு இடம்பெற வேண்டும். இரண்டாவது, எள்ளியவர் யார், எள்ளப்பட்டவர் யார், எள்ளப்பட்டது உடலா செயலா என்னும் மூன்று குறிப்புகளையும் காட்சிதோறும் தர வேண்டும். மூன்றாவது, இன்று நாம் ஏற்க இயலாத உடலெள்ளல் பகுதிகளைப் பதிப்பாசிரியர் நீக்குதல் கூடாது. அவற்றைக் குறிப்புரையோடு வெளியிடுவதே அறம். மேடையில் எதனை விடுவது என்னும் உரிமை கலைஞருக்கு உரியது. பதிவிலிருந்து நீக்கும் உரிமை ஆய்வாளருக்கு இல்லை. நீக்கியபின் அவ்வெள்ளல் இருந்தது என்று குறைகூறுவதற்கும் சான்று எஞ்சாது.

முடிவுரை

மிகைமுகத்தைச் சிரிப்பின் பொருளாக மட்டும் கருதியதால் அதனை ஆய்வின் பொருளாகக் கொள்ளத் தவறினோம். ஆள்முகம், வகைமுகம் என்னும் பகுப்பும், மெய்ப்பாட்டியலின் நான்கு நிலைக்களன்களும், எள்ளலுக்குப் பேராசிரியர் தரும் இருவகை விரிவும் சேர்ந்தால் பாவைக்கும் கருத்துப்படத்திற்கும் பொதுவான ஆய்வுமுறை ஒன்று உருவாகும். பாவைகளை இயக்கும் கைகள் குறைந்துவரும் காலம் இது. காப்பியத்தின் கதை ஏட்டிலும் அச்சிலும் நிலைபெற்றுள்ளது; ஒரு தலைமுறை கூத்தை மறந்தாலும் இராமன் கதை அழியாது. உச்சிக்குடும்பனுக்கு ஏடு இல்லை. அவனை இயக்கிப் பேசவைக்கும் கலைஞர் உள்ளபோதே அவனது முகத்தையும் சொல்லையும் ஒருங்கே பதிவுசெய்வது தமிழ்த்துறைகளின் உடனடிக் கடமையாகும்.