இமைமேல் ஏறும் வண்ணம்

2024 டிசம்பரில் வெளியான ‘புஷ்பா 2’ திரைப்படத்தில், கதைத்தலைவன் சேலை உடுத்தி, நகை பூண்டு, முகத்தில் நிறம் தீட்டி ஆடும் ஜாத்திரைக் காட்சி நாடு முழுவதும் பேசப்பட்டது. திருப்பதி தாத்தய்யகுண்ட கங்கம்மா கோயிலின் ஜாத்திரையே அதற்கு முன்மாதிரி என்பதும் உடன் பேசப்பட்டது. அந்த ஆட்டத்தைப் பற்றியும், பெண்வேடத்திலும் குன்றாத வீரத்தைப் பற்றியும் எழுதப்பட்டவை ஏராளம். அந்தக் கண்களை எழுதிய கையைப் பற்றிப் பேசியவர் அரிது.

இக்குறை திரைப்படத்தோடு நிற்பதன்று. சித்தூர், திருப்பதி வட்டாரத்தில் ஓர் ஆண் ஆண்டுக்கொரு முறை இமையில் நிறம் ஏற்றிக்கொண்டால் அது நேர்த்திக்கடன். ஆய்வேட்டுக்கு உரிய பொருள். அதே நகரில் ஒரு மாணவி விடுதி அறைக் கண்ணாடியின் முன் நின்று அதே செயலைக் கற்றுக்கொள்ள முயன்றால் அது வீண்பொழுது. ஒரே உறுப்பு, ஒரே செயல், இரண்டு மதிப்பு. நாட்டார் வழக்காற்றியலும் பாலினக் கல்வியும் பயிலும் அறிவுலகம் இவ்வேறுபாட்டை இயல்பானதாக எடுத்துக்கொண்டிருப்பது வியப்புக்குரியது.

ஜாத்திரையின் அமைப்பு முதலில் நோக்கத்தக்கது. சித்திரையின் இறுதியை ஒட்டி, பெரும்பாலும் மே மாதத்தில், ஒரு வாரம் நடைபெறும் விழா அது. பெண்களை வதைத்த பாளையக்காரன் ஒருவனைத் தேடிக் கங்கம்மா நாளுக்கொரு வேடம் பூண்டு தெருத்தெருவாக அலைந்தாள் என்பதும், ஒளிந்திருந்தவன் துரை வேடத்தைக் கண்டு நம்பி வெளிவந்தபோது அவன் தலை வீழ்ந்தது என்பதும் தலபுராணம். பைராகி வேடத்துக்கு உடல் முழுதும் வெண்ணிற நாமக்கட்டி; பண்ட வேடத்துக்குக் குங்குமம்; தோட்டி வேடத்துக்குக் கரி; துரை வேடத்துக்குச் சந்தனம். இவ்வேடங்களைக் கைகால குடும்பத்தார் மரபுரிமையாக ஏற்கின்றனர். பொதுமக்களில் ஆண்கள் சேலை உடுத்தி, பூ முடித்து, மை தீட்டி அம்மனைக் காண வருகின்றனர். இங்கே ஒரு நுட்பம் உண்டு. கதையில் தெய்வம் ஆணாக மாறுகிறது. விழாவில் ஆண் பெண்ணாக மாறுகிறான். இரண்டு மாற்றங்களும் நிகழ்வது முகத்தின் மேல் ஏறும் பொடியால்தான்.

இவ்விழாவை நெடுங்காலம் களத்தில் இருந்து ஆராய்ந்த ஜாய்ஸ் புளூக்கிகர் 2013-இல் வெளியிட்ட நூலுக்கு ‘உலகம் பெண்ணாகும்போது’ என்னும் பொருள்படும் தலைப்பை வைத்தார். பெண்கள் இயல்பிலேயே அம்மனின் சக்தியில் பங்குடையவர்கள். எனவே அவர்களுக்கு வேடம் தேவையில்லை. உருமாற வேண்டியவர்கள் ஆண்களே என்னும் வாதம் அந்நூலின் மையத்தில் நிற்கிறது. ஆண்களை அலங்கரிப்பதில் வீட்டுப் பெண்கள் துணை நிற்பதையும் அவர் கவனித்திருக்கிறார். சமயவியல் நோக்கில் அவ்வாதம் வலிமையானது. எனினும் ஒப்பனையின் நோக்கில் அதனுடன் பிணங்க இடமுண்டு. பெண்ணுக்கு வேடம் தேவையில்லை என்னும்போது, பெண்ணின் முகத்தில் உள்ள மையும் பொட்டும் நிறமும் தாமாகவே விளைந்தவை போன்ற தோற்றம் எழுகிறது. அவை எவையும் தாமாக விளைந்தவை அல்ல. கணவனின் இமையில் கோடு இழுக்கும் மனைவி அக்கோட்டை எங்கோ, எவரிடமோ, பலமுறை பிசகிக் கற்றிருக்கிறாள்.

அக்கல்வியின் கடினத்தை அறியாதவர்களே அதை எளிதென்று எண்ணுவர். ஐஷேடோ எனப்படும் இமை வண்ணத்தைத் தொடக்கநிலையில் கையாளும் எவரும் முதலில் எதிர்கொள்வது, கண்ணாடியில் தெரியும் கண் வேறு, தூரிகையின் கீழ் இருக்கும் கண் வேறு என்னும் உண்மையை. இமையை மூடினால் பரப்பு விரிகிறது. திறந்தால் அப்பரப்பில் பெரும்பகுதி மடிப்புக்குள் மறைகிறது. மூடிய இமையில் அழகாகப் படிந்த நிறம் திறந்த கண்ணில் காணாமற்போவது இதனால்தான். மடிப்புத் தாழ்ந்து இமையை மூடியிருக்கும் கண்களில் இச்சிக்கல் இரட்டிக்கிறது. நேராகப் பார்த்தபடியே மடிப்புக்குச் சற்று மேலே நிறத்தை ஏற்றினால்தான் அது வெளியே தெரியும். அடுத்தது அளவு. தூரிகையில் பொடியை எடுத்ததும் ஒருமுறை தட்டி உதிர்க்க வேண்டும். உதிர்க்காவிடில் முதல் தொடுதலிலேயே திட்டு விழும். நிறத்தைக் கூட்டுவது எளிது, குறைப்பது அரிது. தோலின் நிறத்தைவிடச் சற்றே ஆழமான, மினுமினுப்பற்ற வண்ணம் ஒன்றை மடிப்பில் பரப்பி, அதன்மேல் அடர்நிறத்தை வெளிமுனையிலிருந்து உள்நோக்கிக் கொணர்ந்து, இரண்டும் சேரும் எல்லை கண்ணுக்குப் புலப்படாதவாறு வெற்றுத் தூரிகையால் முன்னும் பின்னும் தேய்த்துக் கரைப்பதே இக்கலையின் உயிர். எல்லைக்கோடு தெரிந்தால் அது பூச்சு. வலக்கையாளர் பலருக்கு ஒரு கண் ஒழுங்காக அமையும், மற்றது முரண்டு பிடிக்கும். இரண்டையும் சமன்செய்ய முயன்று மாறி மாறி நிறம் கூட்டுவோர் இறுதியில் புருவம்வரை சென்று நிற்பதும் உண்டு.

இவற்றில் எதையும் எழுத்தில் படித்துக் கைவரப்பெற இயலாது. எவ்வளவு அழுத்த வேண்டும் என்பதை மணிக்கட்டுதான் அறியும். சொல்லக்கூடியதைவிட மிகுதியாக மனிதர் அறிந்திருக்கின்றனர் என்று மைக்கேல் போலானி 1966-இல் எழுதியதை மேற்கோள் காட்டாத கல்வியியல் கட்டுரை அரிது. நெசவு, குயவு, மீன்பிடி ஆகியவற்றை ‘உள்ளுறை அறிவு’ எனக் கொண்டாடும் கட்டுரைகள் இமை வண்ணத்தை அப்பட்டியலில் சேர்ப்பதில்லை. அது அங்காடிச் சரக்கோடு பிணைந்தது என்பது சொல்லப்படும் காரணம். நெசவு மட்டும் அங்காடியைக் காணாததா?

அங்காடி என்னும் சொல் எழுந்தபின் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். தொடக்கநிலையினர் தம் பிழை என்று எண்ணி வருந்துவதில் ஒரு பங்கு அவர்களுடைய பிழையே அன்று. கடைகளில் கிடைக்கும் மலிவான வண்ணப் பெட்டிகள் பலவற்றில் நிறமிகளோடு டால்க்கும் டைட்டானியம் டைஆக்சைடும் மிகுதியாகக் கலந்திருக்கும், இரண்டும் வெண்மை. வெளிறிய தோலில் மென்மையான இளஞ்சிவப்பாகத் தெரியும் அக்கலவை கருந்தோலில் சாம்பல் பூத்ததுபோல் படிகிறது. ‘உடல்நிறம்’ என்ற பெயரில் விற்கப்படும் வண்ணங்கள் நெடுங்காலமாக எவருடைய உடலின் நிறமாக இருந்தன என்பது சொல்லாமலே விளங்கும். சித்தூர்ப் பகுதியில் வளர்ந்த ஒரு பெண், தன் இமையில் எடுபடாத நிறத்தைப் பார்த்துத் தன் கையை நொந்துகொள்கிறாள். பிறகு தன் தோலை நொந்துகொள்கிறாள். பெட்டியை நொந்துகொள்ள அவளுக்கு எவரும் கற்றுத்தரவில்லை.

ஜாத்திரையின் வண்ணங்களோ கருந்தோலின்மேல், மே மாத வெயிலில், கூட்டத்துக்கு அப்பால் நிற்பவர் கண்ணுக்கும் எட்டுமாறு தேர்ந்தெடுக்கப்பட்டவை. குங்குமம் சாம்பல் பூப்பதில்லை. கரி வெளிறுவதில்லை. சந்தனத்தின் மஞ்சள் பழுப்புத் தோலில் இன்னும் ஒளிர்கிறது. செங்கல் சிவப்பு, செம்பு, நாவற்பழ ஊதா போன்ற செறிந்த நிறங்களே இத்தோலுக்கு எடுப்பானவை என இன்றைய ஒப்பனையாளர் அறிவுறுத்துவதை இவ்வட்டாரம் எப்போதோ அறிந்திருக்கிறது. (குங்குமத்தையே இமையில் பூசலாம் என்று இதற்குப் பொருள் கொள்ளலாகாது, கடைக் குங்குமத்தில் கலக்கும் சாயங்கள் கண்ணுக்கு ஆகாதவை.) அறிவு ஊரில் இருக்கிறது, ஆனால் அது விழாவின் அறிவாக மட்டும் எண்ணப்பட்டு, விடுதி அறைக் கண்ணாடி வரை வந்துசேராமல் நிற்கிறது.

வண்ணப் பெட்டிக்கும் இம்மண்ணுக்கும் வேறோர் உறவும் உண்டு. இமையில் மினுங்கும் பொடியின் மினுக்கம் பெரும்பாலும் அப்பிரகத் துகளால் வருவது. மிக மெல்லிய அத்துகளின்மேல் டைட்டானியம் டைஆக்சைடோ இரும்பு ஆக்சைடோ பூசப்படும்போது முத்தொளி பிறக்கிறது. 2022-இல் மாவட்டங்கள் மறுசீரமைக்கப்பட்டபோது புதிய திருப்பதி மாவட்டத்தில் சேர்க்கப்பட்ட கூடூர், அப்பிரகச் சுரங்கங்களுக்குப் பெயர்பெற்ற நெல்லூர் வட்டாரத்தின் மையம். அயல்நாட்டு ஆடம்பரம் என்று ஒதுக்கப்படும் பொருளின் ஒளிக்குக் காரணமான கனிமம் பக்கத்து ஊர் மண்ணுக்கடியில் கிடக்கிறது.

ஒப்பனையைக் கற்பித்தலுக்கும் இவ்வட்டாரத்தில் மரபு உண்டு. சித்தூர்ப் பகுதியின் திரௌபதி அம்மன் விழாக்களில் பாரதக் கூத்து இரவு முழுவதும் நடப்பது. கூத்துக் கலைஞர் தம் முகத்தைத் தாமே எழுதிக்கொள்பவர். சிறு வேடத்தில் தொடங்கும் இளைஞன், மூத்தவர் கண்ணாடி பிடித்து அமர்ந்திருக்கும்போது அருகில் இருந்து பார்த்துப் பார்த்தே கற்கிறான். தூரத்திலிருந்து காண்போருக்குக் கண் பெரிதாகத் தெரிய வேண்டும் என்பதே அங்கு முதல் பாடம். ‘அரிதாரம்’ என்னும் சொல்லே இவ்வரலாற்றைச் சுமந்து நிற்கிறது: முகத்துக்கு மஞ்சள் நிறம் தந்த ஆர்சனிக் கனிமத்தின் பெயர், காலப்போக்கில் நடிகரின் ஒப்பனை முழுவதற்கும் பெயராயிற்று. வெண்மை, நீலம், மஞ்சள், சிவப்பு என நான்கு மூலநிறங்களை வகுத்து, அவற்றின் கலப்பால் பிற நிறங்களை ஆக்கும் முறையை நாட்டிய சாத்திரம் கூறுகிறது. நிறக்கலப்பு சாத்திரமாக மதிக்கப்பட்ட மண் இது.

ஆயினும் அம்மதிப்பு எவருக்குக் கிடைத்தது என்பதே வினா. பெண்வேடத்தால் புகழ்பெற்ற ஆண்களின் நிரை நீண்டது. அவ்வையாராக நடித்த டி. கே. சண்முகத்துக்கு அவ்வேடமே பெயரின் முன்னொட்டாயிற்று. குச்சிப்புடியில் சத்தியபாமையாகத் தோன்றிய வேதாந்தம் சத்தியநாராயண சர்மா 1970-இல் பத்மஸ்ரீ பெற்றார். அவர்கள் கலையின் உயர்வில் ஐயமில்லை. குச்சிப்புடிக் கிராமத்து அந்தண ஆண்களுக்குப் பெண்வேடம் எவ்வாறு அதிகாரத்தின் ஊற்றாகிறது என்பதை ஹர்ஷிதா முருதிண்டி காமத் 2019-இல் வெளியான தம் நூலில் விரிவாக ஆராய்ந்திருக்கிறார். பெண்ணின் ஒப்பனையை ஆண் ஏற்கும்போது அது திறமை. பெண்ணிடமே இருக்கும்போது அது பழக்கம். விருது பழக்கத்துக்குக் கிடைப்பதில்லை.

1929-இல் ஜோன் ரிவியேர் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை, பெண்மை என்பதையே ஒரு முகமூடியாகக் கண்டது. அவையில் அறிவுத்திறனைக் காட்டிய பெண், ஆண்களின் சினத்துக்கு அஞ்சி, பின்னர் மிகையான பெண்மையை அணிந்துகொள்கிறாள் என்பது அவர் விவரித்த நிகழ்வு. இன்றைய பல்கலைக்கழகங்களில் அது தலைகீழாயிருக்கிறது. வாய்மொழித் தேர்வுக்குச் செல்லும் ஆய்வு மாணவி இமை வண்ணத்தைத் துடைத்துவிட்டுச் செல்கிறாள். பருத்திச் சேலை, சிறு பொட்டு, வெற்று இமை. ‘சிரத்தையான மாணவி’ என்பதும் ஒரு வேடமே, அதற்கும் ஒத்திகை உண்டு. பெண்களுக்கென்றே 1983-இல் பல்கலைக்கழகம் கண்ட நகரம் திருப்பதி. அங்கும் பிற வளாகங்களிலும் பயில வரும் பெண்களுள் பலர் தம் குடும்பத்தில் கல்லூரி கண்ட முதல் தலைமுறையினர். அவர்களுக்கு இமை வண்ணம் கற்பது, தம் முகத்தை எவருக்காகவும் அன்றித் தாமே உற்றுநோக்கும் முதல் வாய்ப்பாகவும் இருக்கக்கூடும். அழகுச் சந்தை பெண்ணை நுகர்வோளாக்குகிறது என்னும் எதிர்வாதம் மெய்யே. ஆனால் அவ்வாதம் மாணவியின் இமையைக் கண்டதும் எழுவதும், ஜாத்திரையில் ஆணின் இமையைக் கண்டதும் உறங்கிவிடுவதும் ஏன் என்பதற்கு விடை கூறப்பட்டதில்லை.

அடுத்த ஜாத்திரைக்குக் களப்பணி செல்வோர் கோயில் வாசலில் தொடங்காமல் வீட்டு அறையில் தொடங்கலாம். காலையில் கண்ணாடி எங்கே மாட்டப்படுகிறது, தூரிகையா விரல் நுனியா, கணவன் கண்ணை இமைக்கும்போது அவள் என்ன சொல்லி அதட்டுகிறாள், அவளுக்கு இக்கையை யார் பழக்கினர், அவள் மகள் எதைக் கைப்பேசியில் பார்த்துக் கற்கிறாள், இருவர் முறையும் எங்கே வேறுபடுகின்றன என்பவை குறிக்கத்தக்கவை. நிறத்தைக் களையும் வேலையும் குறிக்கத்தக்கது: கண்ணுக்குள் எண்ணெய் இறங்காமல் இமையைத் துடைப்பது தீட்டுவதைவிடப் பொறுமை வேண்டுவது, அதையும் பெரும்பாலும் அவளே செய்கிறாள். விழாவின் முடிவில் கோயில் முன் களிமண்ணால் எழுந்த அம்மனின் பேருருவத்தின் கன்னம் அகழப்பட்டு, அம்மண் அடியாருக்குப் பகிர்ந்தளிக்கப்படுகிறது. கூட்டம் அதைப் பெறக் கைநீட்டி நிற்கும் அவ்வேளையில், வீடுகளில் ஈரத்துணியோடு மகனின் முகத்தைப் பிடித்து நிறுத்தியிருக்கும் தாயின் நிழற்படம் இதுவரை எந்த நாளிதழின் முதற்பக்கத்திலும் இடம்பெற்றதாகத் தெரியவில்லை.