எள்ளுப்பேரன் எம்மொழியில் பேசுவான்?

நோபிட்டாவின் மேசை இழுப்பறைக்குள் ஒரு கால எந்திரம் இருக்கிறது. இருபத்திரண்டாம் நூற்றாண்டிலிருந்து வரும் எள்ளுப்பேரன், டோரேமான் என்னும் பூனை ரோபோவை அவனிடம் விட்டுச் செல்கிறான். 2014இல் ‘ஸ்டாண்ட் பை மீ டோரேமான்’ என்ற அனிமேஷன் படமாக இக்கதை வந்தபோது இந்தோனேசியர்கள் அதை விரும்பி வரவேற்றனர். அதற்குக் கால எந்திரம் மட்டுமே காரணமாகாது. 1990களிலிருந்து ஞாயிறு காலைகளில் ஆர்.சி.டி.ஐ. தொலைக்காட்சியில் அந்தப் பூனை இந்தோனேசிய மொழியிலேயே பேசிவந்துள்ளது. பார்வையாளருள் பலருக்கு அது தம் குழந்தைப்பருவத்தின் குரல்.

பெங்களூரில் நடந்தது வேறு. 1960களில் எழுந்த மொழிமாற்று எதிர்ப்பு, சட்டத்தில் எழுதப்படாத தடையாக அரை நூற்றாண்டு நீடித்தது. தமிழ், தெலுங்கு, இந்திப் படங்களின் நடுவே கன்னடத் திரையுலகைக் காக்கும் நோக்கம் அன்று நியாயமானதே. ஆனால் 2005இல் டோரேமான் இந்தியில் ஒளிபரப்பாகத் தொடங்கியபோது, கன்னடப் பிள்ளைகள் அதைப் பார்க்காமல் இருந்துவிடவில்லை. இந்தியில் பார்த்தார்கள். கன்னடத்துக்காக எழுப்பிய வேலியால் இந்திக்குத்தான் ஆதாயம். வங்கதேச அரசு, பிள்ளைகள் இந்தி கற்றுக்கொள்கிறார்கள் என்று 2013இல் இத்தொடரின் இந்தி வடிவத்தைத் தடைசெய்தது. ஆனால் அங்கே டோரேமான் பின்னர் வங்கமொழியிலேயே வந்தது.

2015இல் இந்தியப் போட்டி ஆணையம், மொழிமாற்றைத் தடுத்த கர்நாடகத் திரை அமைப்புகளுக்கு அபராதம் விதித்தது. 2017இல் ‘என்னை அறிந்தால்’ படம் ‘சத்யதேவ் ஐ.பி.எஸ்.’ என்று கன்னடம் பேசியது. (முதலில் வேலி தாண்டியது ஒரு தமிழ்ப்படம் என்பதைத் தமிழர் கவனிக்கலாம்.) நடிகரின் உதட்டோடு ஒட்டாத குரல் என்பது மொழிமாற்றின் மீதான பழைய குறை. வரைந்த உருவங்களுக்கு அக்குறை அவ்வளவாகப் பொருந்தாது; மூலமொழியிலும் அவற்றின் குரல் வெளியிலிருந்து தரப்படுவதே.

மொழியியலார் கவனிக்க வேண்டிய இடம் இன்னொன்று உண்டு. எதிர்காலத்திலிருந்து வந்த எள்ளுப்பேரன், தன் வயதே ஆன மூதாதையை ‘நீ’ என்பானா, ‘நீங்கள்’ என்பானா? கன்னடத்திலும் ‘நீனு’, ‘நீவு’ என இதே சிக்கல் எழும். உறவை எண்ணினால் மரியாதைப் பன்மை. வயதை எண்ணினால் ஒருமை. மொழிபெயர்ப்பாளர் எதைத் தேர்ந்தாலும், கேட்கும் குழந்தை தன் மொழியின் மரியாதை வழக்கை அதிலிருந்து பழகுகிறது. அக்குழந்தைக்கு அப்படம் இந்தியில் மட்டுமே கிடைத்தால், அது பழகுவது ‘தூ’, ‘தும்’, ‘ஆப்’ என்னும் வேறொரு படிநிலையை.