இலையிலிருந்து வந்த ஊசிமருந்து

புறநோயாளிப் பிரிவில் ஒரு செவ்வாய்க்கிழமை. ஏழு ஆண்டுகளாக இமாட்டினிப் சாப்பிட்டு வரும் ஒருவர், ஐம்பதைத் தாண்டியவர், சட்டைப்பையிலிருந்து நான்காக மடித்த தாளை எடுத்து மேசையில் விரித்தார். கைப்பேசியில் யாரோ அனுப்பிய செய்தியை மகன் அச்செடுத்துக் கொடுத்திருக்கிறான். ஊசியிலை மரக்கிளை ஒன்றின் படம். கீழே, ரத்தப் புற்றுநோயைக் குணமாக்கும் இலை என்று தடித்த எழுத்து. "இது இலையிலேர்ந்து எடுக்குறதுதானே டாக்டர்? இங்கிலீஷ் மாத்திரை மாதிரி உடம்பைப் படுத்தாதுல்ல?" என்று கேட்டார்.

படத்திலிருந்த மரம் செபலோடாக்சஸ். அதிலிருந்து வந்த மருந்து ஓமசெடாக்சின் மெப்பிசக்சினேட். பழைய ஆட்களுக்கு அது ஹோமோஹாரிங்டோனைன். அவர் கேட்டதில் முதல் பாதி உண்மை. இரண்டாம் பாதியில்தான் சிக்கல், அது நோயாளிக்கு மட்டுமான சிக்கலும் இல்லை. நம்மில் பலர் இந்த மருந்தை மூலிகைக் கணக்கில் சேர்த்துப் புன்னகையோடு ஒதுக்கிவிடுகிறோம். வேறு சிலர் காலாவதியான கீமோ என்று ஒதுக்கிவிடுகிறோம். இந்த மூலக்கூறை ஒருமுறை தூக்கி எறிய வைத்ததும் பிறகு திரும்ப எடுக்க வைத்ததும் அது எங்கிருந்து வந்தது என்பதல்ல, அதை எப்படிக் கொடுத்தோம் என்பதுதான். அதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

செபலோடாக்சஸ் மெதுவாக வளரும், எப்போதும் பசுமையான சிறு மரம். ஜப்பான், சீனா, நம் வடகிழக்கு மாநிலங்களின் மலைக்காடுகள் அதன் தாயகம். ஹாரிங்டன் பிரபு என்ற ஆங்கிலேயரின் தோட்டத்தில் வளர்ந்ததால் ஒரு சிற்றினத்துக்கு ஹாரிங்டோனியா என்று பெயர் வந்தது. ஹாரிங்டோனைன், ஹோமோஹாரிங்டோனைன் எல்லாம் அந்தப் பிரபுவின் பெயரைச் சுமந்துகொண்டு திரிகின்றன. 1960களில் அமெரிக்க வேளாண் துறையும் தேசியப் புற்றுநோய் நிறுவனமும் சேர்ந்து ஆயிரக்கணக்கான செடிகளின் சாற்றை எலிகளின் லுக்கீமியாவில் சோதித்துக்கொண்டிருந்தன. பின்னாளில் டாக்சால் கிடைத்ததும் இந்தச் சல்லடையில்தான். இல்லினாய் மாநிலத்தின் பியோரியா நகரில் இருந்த வேளாண் ஆய்வகத்தில், 1970ஐ ஒட்டி, ரிச்சர்ட் பவலும் சகாக்களும் இந்த ஆல்கலாய்டுகளின் அமைப்பைக் கண்டுபிடித்தார்கள். இரண்டாம் உலகப் போரின்போது பெனிசிலினைப் பெருமளவில் வளர்க்கும் வழியைக் கண்டதும் அதே ஆய்வகம்தான்.

மரத்தில் அதிகம் இருப்பது செபலோடாக்சின் என்ற தாய் மூலக்கூறு. அது லுக்கீமியாவை ஒன்றும் செய்யாது. அதோடு ஒரு எஸ்டர் பக்கச் சங்கிலி ஒட்டிக்கொண்டால்தான் வேலை செய்யும், அப்படி ஒட்டியது மரத்தில் மிகச் சொற்பம். பட்டையையும் கிளையையும் வெட்டி எடுத்துக்கொண்டே போனால் மரம்தான் மிஞ்சாது. பிரான்சில் ழான்-பியர் ரோபினின் குழு இதற்கு ஒரு வழி கண்டது. திரும்பத் துளிர்க்கும் இலைகளிலிருந்து செபலோடாக்சினைப் பிரித்து, பக்கச் சங்கிலியை ஆய்வகத்தில் செய்து ஒட்டினார்கள். இன்று ஓமசெடாக்சின் என்ற பெயரில் குப்பியில் வருவது இந்த அரைச்செயற்கைப் பொருள். உடம்பு மரத்தினுடையது, வால் ஆய்வகத்தினுடையது. தாளோடு வந்தவருக்கு இதைச் சொன்னபோது, "அப்ப கலப்படம்னு சொல்லுங்க" என்றார். ஒரு வகையில் அதுவும் சரிதான். அந்தக் கலப்படம் இல்லாவிட்டால் ஒவ்வொரு குப்பியிலும் ஒரே தூய்மையில், ஒரே அளவில் மருந்து இருக்கும் என்று யாரும் உறுதி தர முடியாது.

1970களில் சீன மருத்துவர்கள்தான் இதை முதலில் மனிதர்களுக்குக் கொடுத்தார்கள். அமெரிக்கர்கள் அடுத்த பத்தாண்டில் கையில் எடுத்து, வழக்கம்போல நரம்பில் ஒரே மூச்சில் செலுத்தினார்கள். ரத்த அழுத்தம் சரிந்தது, இதயத் துடிப்பு தடுமாறியது. இதயத்தைக் கெடுக்கும் மருந்து என்று பெயர் வாங்கியது. டெக்சாஸின் எம்.டி. ஆண்டர்சன் மருத்துவமனையில் சூசன் ஓ'பிரையன், ஹாகோப் கண்டார்ஜியன் குழுவினர் அளவைப் பாதியாக்கி, சதுர மீட்டருக்கு 2.5 மி.கி. வீதம், நாள் முழுக்கச் சொட்டுச் சொட்டாக 14 நாள் கொடுத்துப் பார்த்தார்கள். இதயத் தொல்லை பெரும்பாலும் விலகிவிட்டது. இன்டர்ஃபெரானுக்கு அடங்காத நாட்பட்ட மைலாய்ட் லுக்கீமியா நோயாளிகளிடம் 1995இல் அவர்கள் வெளியிட்ட முடிவு: மதிப்பிட முடிந்தவர்களில் 72 சதவீதத்தினருக்கு ரத்த எண்ணிக்கை முழுதாகச் சீரானது, 31 சதவீதத்தினருக்கு குரோமோசோம் அளவிலும் மாற்றம் தெரிந்தது. மூலக்கூறில் ஒரு அணுவும் மாறவில்லை.

இந்த முடிவைக் கொண்டாட அவர்களுக்கு அதிக நாள் கிடைக்கவில்லை. 2001 மே மாதம் இமாட்டினிப் வந்தது. தினம் ஒரு மாத்திரை, நோய் அடங்கியது. ஊசி மருந்து ஆராய்ச்சிகள் அப்படியே பாதியில் நின்றன. நம் நாட்டில் இதற்கு இன்னொரு கதையும் சேர்ந்துகொண்டது. கிளீவெக்கின், அதாவது இமாட்டினிப்பின், காப்புரிமை விண்ணப்பத்தைச் சென்னைக் காப்புரிமை அலுவலகம் 2006 ஜனவரியில் நிராகரித்தது. 2013 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. அதனால்தான் இன்று நம்மிடம் வரும் சாதாரணக் குடும்பத்தவரும் இமாட்டினிப் வாங்கிச் சாப்பிட முடிகிறது. லுக்கீமியா வார்டில் பணிபுரிந்த யாரும் அந்தத் தீர்ப்பை வெறும் சட்டச் செய்தியாகப் படித்திருக்க முடியாது.

ஆனால் புற்றுசெல் சும்மா இருக்காது. நோயை ஓட்டும் பி.சி.ஆர்.-ஏ.பி.எல். புரதத்தில் 315ஆம் இடத்தில் திரியோனின் போய் ஐசோலூசின் வந்து உட்கார்ந்தால், இமாட்டினிப் பிடித்துக்கொள்ளும் ஹைட்ரஜன் பிணைப்பு அங்கே இல்லாமல் போகிறது. பருத்த ஐசோலூசின் வழியையும் அடைக்கிறது. டாசாட்டினிப், நிலோட்டினிப், போசுட்டினிப் மூன்றுமே இந்த டி315ஐ பிறழ்வின் முன்னால் தோற்றன. எல்லா மாத்திரையும் ஒரே கதவைத் தட்டியதுதான் பிரச்சினை.

ஓமசெடாக்சின் அந்தக் கதவுப் பக்கமே போவதில்லை. ரைபோசோமின் பெரிய துணை அலகில், அமினோ அமிலங்கள் ஒன்றோடொன்று கோத்துக்கொள்ளும் மையத்தில், அடுத்த அமிலம் வந்து அமர வேண்டிய ஏ-இருக்கையில் போய் உட்கார்ந்துகொள்கிறது. புரதச் சங்கிலி தொடங்கும் கட்டத்திலேயே தடைப்படுகிறது. நீண்ட நாள் வாழும் புரதங்களுக்கு உடனே பாதிப்பு தெரியாது. எம்.சி.எல்.-1, சி-மிக், பி.சி.ஆர்.-ஏ.பி.எல். போன்றவை செல்லில் சீக்கிரம் அழிந்து சீக்கிரம் உண்டாக வேண்டியவை. வரத்து நின்றால் முதலில் இருப்பு தீர்வது அவற்றுக்குத்தான். புரதத்தில் என்ன மாற்றம் இருந்தாலும், அந்தப் புரதமே உருவாகாவிட்டால் மாற்றத்துக்கு என்ன மதிப்பு? இந்த மருந்து ரைபோசோமில் எப்படி உட்கார்ந்திருக்கிறது என்பதைப் படிகப் படமாக 2009இல் காட்டியது யேல் பல்கலைக்கழகத்தில் தாமஸ் ஸ்டைட்ஸ், பீட்டர் மூர் ஆகியோரின் குழு. அதே ஆண்டு ரைபோசோம் ஆய்வுக்காக ஸ்டைட்ஸோடு நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவர் சிதம்பரத்தில் பிறந்த வெங்கட்ராமன் ராமகிருஷ்ணன். மாணவர்களுக்கு இந்தப் பாடத்தை எடுக்கும்போது இதைச் சொன்னால் பின் வரிசையும் நிமிர்ந்து உட்காருவதைப் பார்த்திருக்கிறேன்.

டி315ஐ உள்ளவர்களுக்கென்றே ஓமசெடாக்சினை அனுமதிக்கக் கோரி மருந்து நிறுவனத்தினர் 2010இல் அமெரிக்க எஃப்.டி.ஏ.விடம் போனார்கள். ஆலோசனைக் குழு 7க்கு 1 என்ற வாக்கில், முதலில் அந்த மாற்றத்தைக் கண்டறியும் நம்பகமான பரிசோதனை வேண்டும் என்று சொல்லிவிட்டது. அப்போது அதை அதிகாரிகளின் அலட்டல் என்று நினைத்தவர்களில் நானும் ஒருவன். இன்று அப்படி நினைக்கவில்லை. யாருக்கு என்று தெரியாமல் கொடுக்கும் மருந்துக்குக் கணக்கு எழுத முடியாது. பிறகு, இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட கைனேஸ் தடுப்பான்கள் பலிக்காதவர்களுக்கும் ஒத்துக்கொள்ளாதவர்களுக்கும் என்று வரையறையை மாற்றி, 2012 அக்டோபர் 26 அன்று சின்ரிபோ என்ற பெயரில் அனுமதி கிடைத்தது. சரியாக ஏழு வாரம் கழித்து, டி315ஐயையும் அடக்கும் பொனாட்டினிப் மாத்திரை அனுமதி பெற்றது. 2021இல் அசிமினிப் வந்தது. பாவம், இந்த மருந்துக்கு நேரம் மட்டும் ஒருபோதும் கூடி வந்ததில்லை.

அனுமதிக்கு அடிப்படையான எண்களை மிகைப்படுத்தாமல் பார்க்க வேண்டும். நாட்பட்ட கட்டத்தில் இருந்த 76 பேரில் 14 பேருக்கு மேஜர் சைட்டோஜெனடிக் ரெஸ்பான்ஸ். 18 சதவீதத்துக்குச் சற்று மேல். அது நீடித்த காலம், இடைநிலைக் கணக்கில், 12.5 மாதம். வேகமெடுத்த கட்டத்தில் பலன் இன்னும் குறைவு, 5 மாதத்தைக்கூட எட்டவில்லை. ஐந்தில் ஒருவருக்குக்கூட இல்லையே என்று முகம் சுளிக்கலாம். இவர்கள் எல்லோரும் இரண்டு தடுப்பான்களைத் தாண்டி வந்தவர்கள் என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். பொனாட்டினிப் தமனிகளில் ரத்தக்கட்டி உண்டாக்குகிறது என்று 2013இல் சில வாரம் விற்பனை நிறுத்தப்பட்டதும் நினைவிருக்கட்டும். ஏற்கெனவே மாரடைப்பு வந்த ஒருவருக்கு டி315ஐ இருந்தால், எழுதக்கூடிய மருந்துகளின் பட்டியல் மிகச் சிறியது.

இனி அந்த இரண்டாம் பாதி: உடம்பைப் படுத்தாதுல்ல?

படுத்தும். நாட்பட்ட கட்ட நோயாளிகளில் 85 சதவீதத்தினருக்குத் தட்டணுக்கள் மூன்றாம், நான்காம் நிலை அளவுக்குச் சரிந்தன. வயிற்றுப்போக்கு, குமட்டல், ஊசி போட்ட இடத்தில் சிவப்பு உண்டு. நம் ஊருக்கு முக்கியமானது, 11 சதவீதத்தினருக்கு ரத்தச் சர்க்கரை கடுமையாக ஏறியது. கட்டுப்படாத சர்க்கரையோடு வருபவருக்கு முதலில் சர்க்கரையை அடக்கிவிட்டுத்தான் இதைத் தொட வேண்டும். தட்டணு 50,000க்குக் கீழே இருக்கும்போது மூட்டுவலிக்குக் கடையில் வாங்கும் வலிமாத்திரைகூட ஆபத்து. அதைக் கேட்டே ஆக வேண்டும், அவர்களாகச் சொல்ல மாட்டார்கள்.

இந்த மருந்தின் அளவைக் குறைக்கும் முறை வேறு மாதிரி. பழக்கதோஷத்தில் நாம் மில்லிகிராமைக் குறைப்போம். இங்கே தோலடி ஊசியாக, நாளுக்கு இரு வேளை, வேளைக்குச் சதுர மீட்டருக்கு 1.25 மி.கி. என்பதைத் தொடுவதில்லை. தொடக்கத்தில் 28 நாள் சுற்றில் 14 நாள், பலன் தெரிந்தபின் 7 நாள். நியூட்ரோஃபில் 500க்குக் கீழோ தட்டணு 50,000க்குக் கீழோ போனால், நியூட்ரோஃபில் 1,000க்கும் தட்டணு 50,000க்கும் திரும்பும்வரை அடுத்த சுற்றைத் தள்ளிப்போட்டு, அந்தச் சுற்றில் இரண்டு நாளைக் கழிக்கிறோம். 14 என்பது 12 ஆகும், 7 என்பது 5 ஆகும். பழைய சொட்டுமுறையின் பாடம் இங்கேயும் ஓடுகிறது: வீரியம் நாட்களில் இருக்கிறது.

இதற்கெல்லாம் முன்னால் செய்ய வேண்டிய ஒன்று உண்டு. தாளோடு வந்தவரின் பி.சி.ஆர்.-ஏ.பி.எல். எண் மூன்று மாதமாக ஏறிக்கொண்டிருந்தது. பிறழ்வுப் பரிசோதனைக்கு ரத்தம் எடுத்து அனுப்பிவிட்டு, மாத்திரை டப்பாவைக் கொண்டுவரச் சொன்னேன். எண்ணிப் பார்த்தால் அந்த மாதம் 11 மாத்திரை மிச்சம். "சர்க்கரைக்குன்னு ஒருத்தர் நித்தியகல்யாணிச் சாறு குடிக்கச் சொன்னார். ரெண்டையும் ஒரே நாள்ல போட்டா சூடாயிடும்னு ஒருநாள் விட்டு ஒருநாள்..." என்று இழுத்தார். நம் தென் மாவட்டங்களில் பயிர் செய்து ஏற்றுமதியாகும் அந்தச் செடியின் கதையும் கிட்டத்தட்ட இதேதான். ஜமைக்காவில் சர்க்கரைக்குக் குடிக்கும் இலை என்று கனடாவுக்குப் போய், ராபர்ட் நோபலின் ஆய்வகத்தில் வெள்ளணுக்களைச் சாய்த்து, வின்பிளாஸ்டினாக வெளிவந்தது. அதே இலையைத்தான் இவர் அளவு தெரியாமல் வெறும் வயிற்றில் குடித்துக்கொண்டிருந்தார்.

லண்டன் ஹேமர்ஸ்மித் மருத்துவமனையில் 87 பேரின் மாத்திரைப் புட்டி மூடியில் மின்னணுக் கருவி பொருத்திப் பார்த்த 2010ஆம் ஆண்டு ஆய்வு உங்களுக்குத் தெரிந்திருக்கும். 90 சதவீதத்துக்கு மேல் மாத்திரை போட்டவர்களில் மேஜர் மாலிக்குலர் ரெஸ்பான்ஸ் எட்டும் வாய்ப்பு 94.5 சதவீதம், அதற்குக் கீழ் இருந்தவர்களில் 28.4. 90 சதவீதம் என்றால் மாதத்தில் மூன்று நாள் தவறவிடுவது, அவ்வளவுதான். நம்மவருக்குப் பிறழ்வு எதுவும் இல்லை என்று அறிக்கை வந்தது. சாற்றை நிறுத்தினார், 400 மி.கி. மாத்திரையைத் தினமும் இரவுச் சாப்பாட்டோடு போட்டார், எண் இறங்கியது. ஓமசெடாக்சின் அவருக்குத் தேவைப்படவே இல்லை.

தேவைப்படுபவருக்கு என்ன நடக்கும் என்பதையும் செவிலியர்களும் மருந்தாளுநர்களும் கண்முன் வைத்துப் பார்க்க வேண்டும். 3.5 மி.கி. தூள் உள்ள குப்பியில் ஒரு மில்லி சலைன் விட்டு, குலுக்காமல் மெல்லச் சுழற்றினால் ஒரு நிமிடத்துக்குள் தெளிந்துவிடும். உடல் பரப்பு 1.6 சதுர மீட்டர் உள்ளவருக்கு 2 மி.கி.; சிரிஞ்சில் 0.57 மில்லி. காலை ஒன்று, இரவு ஒன்று. முதல் சுற்றுக்கு மட்டும் 28 தோலடி ஊசி. வாரம் ஒருமுறை ரத்தப் பரிசோதனை. வீட்டில் போடுவதென்றால் யார் போடுவார்கள், கையுறை மாட்டப் பழகியிருக்கிறார்களா, மேலே சிந்தினால் கழுவத் தெரியுமா, உபயோகித்த ஊசியை எந்த டப்பாவில் போடுவார்கள், அந்த டப்பா திரும்ப யாரிடம் வரும், வீட்டில் கர்ப்பிணி இருக்கிறாரா? மருந்துச் சீட்டு எழுதுமுன் இவ்வளவையும் கேட்டு, பதிலை நோயாளியின் கோப்பிலேயே எழுதி வைத்துவிடுங்கள்.